எஃப்ஐஆர் போட்ட உடனேயே ரத்து செய்ய முடியுமா? குவாஷ் மனு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காவல் நிலையத்தில் தன் பேரில் வழக்கு பதிவாகிவிட்டது என்று தெரிந்ததும் பலரும் வக்கீலிடம் முதலில் கேட்பது, "இதை குவாஷ் பண்ணிடலாமா சார்?" என்பதுதான். சில வழக்குகளில் முடியும், பலவற்றில் முடியாது. எதில் முடியும், எதில் முடியாது என்று நீதிமன்றங்கள் எப்படிப் பிரித்துப் பார்க்கின்றன என்பதை இங்கே பார்க்கலாம். இது இந்தியச் சட்டப்படியான பொது விளக்கம். உங்கள் வழக்கில் என்ன செய்வது என்பதை எஃப்ஐஆரைப் படித்துப் பார்த்த வழக்கறிஞர்தான் சொல்ல முடியும்.

குவாஷ் என்றால் சரியாக என்ன?

வழக்கு விசாரணை முடிந்து "குற்றவாளி இல்லை" என்று விடுதலை பெறுவது வேறு, இது வேறு. காவல்துறையின் புலனாய்வு நடந்துகொண்டிருக்கும்போதே, சில நேரம் தொடங்குவதற்கு முன்பே, "இந்த எஃப்ஐஆரை வைத்து மேலே எதுவும் செய்யக் கூடாது" என்று உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்வதுதான் குவாஷ். அதற்கான அதிகாரம் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 482ஆம் பிரிவில் இருந்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 528ஆம் பிரிவு. அரசியல் சாசனத்தின் 226ஆவது பிரிவின் கீழும் உயர் நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் உண்டு.

இங்கே ஒரு குழப்பம் அடிக்கடி வருகிறது. புதிய சட்டத்தில் 482 என்பது முன்ஜாமீனுக்கான பிரிவு. பழைய கட்டுரையில் படித்ததை நம்பி "482ல் போடுங்க" என்று சொன்னால், நீங்கள் கேட்பது ஒன்றாகவும் வக்கீல் புரிந்துகொள்வது இன்னொன்றாகவும் போய்விடும்.

மாஜிஸ்ட்ரேட் கோர்ட்டிலேயே ரத்து கேட்கக் கூடாதா?

முடியாது. எஃப்ஐஆரை ரத்து செய்யும் அதிகாரம் மாஜிஸ்ட்ரேட்டுக்கோ செஷன்ஸ் நீதிமன்றத்துக்கோ கிடையாது. தமிழ்நாட்டில் என்றால் சென்னை உயர் நீதிமன்றம். மதுரை, திருநெல்வேலி, திருச்சி, தஞ்சாவூர், கரூர் போன்ற மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை. குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு கீழ் நீதிமன்றத்திலேயே "என்னை வழக்கிலிருந்து விடுவியுங்கள்" என்று டிஸ்சார்ஜ் மனு போடலாம். ஆனால் அது வேறு கட்டம்.

"புகார் முழுக்கப் பொய். அதை நிரூபிக்க என்னிடம் ஆதாரம் இருக்கிறது." இது போதாதா?

பெரும்பாலும் போதாது. குவாஷ் மனுக்கள் அதிகம் தோற்பது இந்த இடத்தில்தான்.

ஆரம்பக் கட்டத்தில் நீதிமன்றம் "புகார் உண்மையா, பொய்யா" என்று பார்ப்பதில்லை. "புகாரில் சொன்னதெல்லாம் அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டால்கூட, அதில் ஒரு குற்றம் இருக்கிறதா?" என்றுதான் பார்க்கிறது. உண்மையா பொய்யா என்று தோண்டிப் பார்ப்பது காவல்துறையின் வேலை, அதற்குப் பிறகு விசாரணை நீதிமன்றத்தின் வேலை. "நான் அன்றைக்கு அந்த ஊரிலேயே இல்லை", "சாட்சி என் எதிரியின் மைத்துனர்" என்பவை விசாரணையில் ஜெயிக்க வைக்கக்கூடிய நல்ல வாதங்கள்தான். ஆனால் குவாஷ் மனுவில் இவற்றைச் சொன்னால், "இதையெல்லாம் புலனாய்வு அதிகாரியிடம் சொல்லுங்கள்" என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

இதற்கு ஒரு விதிவிலக்கு உண்டு. மறுக்கவே முடியாத ஆவணம் ஒன்று இருந்து, அதைப் பார்த்த மாத்திரத்தில் புகார் நொறுங்கிவிடும் என்றால் நீதிமன்றம் அதைக் கணக்கில் எடுக்கலாம். பாஸ்போர்ட்டில் குடியேற்ற அதிகாரிகளின் முத்திரை, பதிவு செய்த பத்திரம், நீதிமன்ற உத்தரவு போன்றவற்றை இந்த வகையில் சொல்லலாம். உங்கள் செல்போனில் நீங்களே எடுத்த ஸ்கிரீன்ஷாட்டுக்கு அந்தத் தகுதி கிடைப்பது கடினம்.

அப்படியானால் எந்தக் காரணங்களுக்காக ரத்து செய்வார்கள்?

இதற்கு இன்றும் எல்லாரும் திரும்பிப் போவது பஜன்லால் வழக்கின் தீர்ப்புக்குத்தான். பஜன்லால் ஹரியானாவின் முன்னாள் முதலமைச்சர். 1987இல் தேவிலால் முதல்வரானதும், பஜன்லால் வருமானத்துக்கு மீறிச் சொத்து சேர்த்ததாக ஒருவர் முதல்வரிடமே புகார் கொடுத்தார், எஃப்ஐஆர் பதிவானது. பஞ்சாப், ஹரியானா உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. மேல்முறையீட்டில் 1990 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பை எழுதியவர், தமிழ்நாட்டிலிருந்து அங்கு போன நீதிபதி எஸ். ரத்தினவேல் பாண்டியன்.

ரத்து செய்யலாம் என்ற சூழ்நிலைகளை அந்தத் தீர்ப்பு ஏழு வகையாகச் சொன்னது. ஒன்றுபோல் இருக்கும் இரண்டைச் சேர்த்துச் சொன்னால் அவை இப்படி வருகின்றன: புகாரை அப்படியே ஏற்றாலும் குற்றம் எதுவும் வெளிப்படவில்லை, சேகரித்த ஆதாரத்தைச் சேர்த்துப் பார்த்தாலும் குற்றம் இல்லை, குற்றம் இருந்தாலும் அது மாஜிஸ்ட்ரேட் உத்தரவு இல்லாமல் போலீஸ் புலனாய்வு செய்யக்கூடிய வகை அல்ல, சொன்ன கதை அறிவுள்ள எவரும் நம்ப முடியாத அளவுக்கு அபத்தம், வழக்குத் தொடரச் சட்டமே வெளிப்படையாகத் தடை போட்டிருக்கிறது, பழிவாங்கும் உள்நோக்கத்தோடு மட்டுமே போட்ட வழக்கு.

அந்த வழக்கு எப்படி முடிந்தது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. பஜன்லாலுக்கு எதிரான எஃப்ஐஆரை உச்ச நீதிமன்றம் ரத்து செய்யவில்லை. உயர் நீதிமன்றம் ரத்து செய்தது தவறு என்றது. "அரசியல் பகையால் வந்த புகார்" என்ற வாதமும் எடுபடவில்லை. புகாரில் குற்றம் வெளிப்படுகிறது என்றால், கொடுத்தவருக்குப் பகை இருந்தது என்பது மட்டுமே அதை வீழ்த்திவிடாது. ஆனால் ஊழல் தடுப்புச் சட்டப்படி அந்த இன்ஸ்பெக்டருக்குப் புலனாய்வு செய்யச் சரியான அதிகாரம் தரப்படவில்லை என்பதால், அதுவரை நடந்த புலனாய்வை மட்டும் ரத்து செய்து, தகுதியான அதிகாரியை வைத்து அரசு மறுபடி தொடங்கலாம் என்று விட்டது. ரத்து என்றாலே வழக்கு ஒரேயடியாக ஒழிந்தது என்று நினைத்துவிடக் கூடாது. எந்தக் காரணத்துக்காக ரத்தானது என்று உத்தரவைப் படித்துப் பார்க்க வேண்டும்.

பணம் கொடுக்கல் வாங்கல் தகராறில் மோசடி வழக்கு போட்டுவிட்டார்கள். இது ரத்தாகுமா?

எஃப்ஐஆரில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பொறுத்தது. கற்பனையாக ஒரு புகாரை எடுத்துக்கொள்வோம்.

"தொழில் விரிவாக்கத்துக்கு என்று சொல்லி என்னிடம் 5 லட்சம் ரூபாய் வாங்கினார். ஆறு மாதம் வட்டி ஒழுங்காகக் கொடுத்தார். அதன்பின் தொழில் நொடித்துவிட்டது என்று சொல்லிப் பணம் தர மறுக்கிறார். கேட்டதற்கு 'முடிந்ததைப் பார்த்துக்கொள்' என்றார்."

இதில் ஒவ்வொரு வரியும் உண்மை என்றே வைத்துக்கொள்வோம். மோசடிக் குற்றத்துக்கு, வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும். இந்தப் புகாரோ ஆறு மாதம் வட்டி கொடுத்தார் என்றும், தொழில் நொடித்தது என்றும் அதுவே சொல்கிறது. வாக்குத் தவறியிருக்கிறார், கடன் பாக்கி இருக்கிறது, சரி. பணத்தை வசூலிக்கச் சிவில் கோர்ட் இருக்கிறது. புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4), அதாவது பழைய 420, இதற்குப் பொருந்துவது கடினம். இப்படிப்பட்ட எஃப்ஐஆர் ரத்தாக நல்ல வாய்ப்பு உண்டு.

இப்போது அதே புகாரில் ஒரு வரியை மட்டும் சேர்ப்போம்: "ஈடாகக் காட்டிய வீட்டுப் பத்திரத்தை அதற்கு முன்பே வேறொருவரிடம் அடமானம் வைத்திருந்ததை என்னிடம் மறைத்துவிட்டார்." அவ்வளவுதான், நிலைமை தலைகீழாகிவிடுகிறது. வாங்கும்போதே மறைத்தார் என்ற குற்றச்சாட்டு வந்துவிட்டது. அது உண்மையா என்று போலீஸ் விசாரிக்கட்டும் என்றே நீதிமன்றம் சொல்லும்.

"இது சிவில் விவகாரம், அதனால் கிரிமினல் வழக்கு கூடாது" என்று பொத்தாம்பொதுவாகச் சொன்னாலும் எடுபடாது. இந்தியன் ஆயில் நிறுவனத்துக்கும் என்இபிசி விமான நிறுவனத்துக்கும் இடையே விமான எரிபொருள் பாக்கி தொடர்பாக ஒரு வழக்கு. பாக்கிக்கு ஈடாகக் காட்டப்பட்ட விமானங்களிலிருந்து இன்ஜின்களைக் கழற்றிவிட்டார்கள் என்பது புகார். சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்த அந்தப் புகாரை 2006இல் உச்ச நீதிமன்றம் ஒரு பகுதி மீட்டது. சிவில் தகராறுகளுக்குக் கிரிமினல் சாயம் பூசுவது பெருகிவருவதைக் கண்டித்த அதே தீர்ப்பு, ஒரே சம்பவத்தில் சிவில் பரிகாரமும் கிரிமினல் குற்றமும் சேர்ந்தே இருக்கலாம் என்றும் சொன்னது.

"விசாரணை ஆரம்பக் கட்டத்தில் இருக்கிறது, இப்போது தலையிட முடியாது" என்று சொல்லிவிடுகிறார்களே?

இந்த வாசகம் உத்தரவுகளில் அடிக்கடி வரும். இதற்குப் பின்னால் நீண்ட மரபு உண்டு. 1944இல் லாகூரிலிருந்து போன ஒரு வழக்கில், காவல்துறையின் வேலையும் நீதித்துறையின் வேலையும் ஒன்றையொன்று நிறைவு செய்பவை, ஒன்றின் எல்லைக்குள் மற்றது புகக் கூடாது என்று லண்டன் பிரிவி கவுன்சில் சொன்னது. 2021 ஏப்ரலில் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வும் அதே வழியில்தான் போனது. எஃப்ஐஆர் எல்லா விவரமும் அடங்கிய கலைக்களஞ்சியம் அல்ல, முளையிலேயே கிள்ளாமல் புலனாய்வை முடிக்க விட வேண்டும், ரத்து என்பது மிக அரிதாகவே நடக்க வேண்டும் என்பது அதன் சாரம்.

இதில் நியாயம் இருக்கிறது. பணபலமும் பெரிய வக்கீலும் உள்ளவர் முதல் வாரமே உயர் நீதிமன்றம் போய் விசாரணையை நிறுத்திவிட முடியும் என்றால், காவல் நிலையப் படியேறவே பத்து முறை யோசித்த ஏழைப் புகார்தாரர் எங்கே போவார்? அவர் தரப்பு ஆதாரம் சேகரிக்கப்படுவதற்கு முன்பே வழக்கு செத்துவிடும்.

ஆனால் "ஆரம்பக் கட்டம்" என்பதே மறுப்பதற்குப் போதுமான காரணமா? இல்லை என்று 2025 மார்ச் 28 அன்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. மாநிலங்களவை உறுப்பினர் இம்ரான் பிரதாப்கடி, குஜராத்தின் ஜாம்நகரில் தான் கலந்துகொண்ட விழாவின் 46 விநாடி வீடியோவை எக்ஸ் தளத்தில் போட்டார். பின்னணியில் ஓர் உருதுக் கவிதை. அது பிரிவினரிடையே பகையைத் தூண்டுகிறது என்று 2025 ஜனவரி 3 அன்று எஃப்ஐஆர். அவர் உயர் நீதிமன்றம் போனார். விசாரணை தொடக்க நிலையில் இருக்கிறது என்று சொல்லி குஜராத் உயர் நீதிமன்றம் இரண்டே வாரத்தில் தள்ளுபடி செய்தது.

உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் அபய் ஓகா, உஜ்ஜல் புய்யான் அமர்வு அந்தக் கவிதையை வரிவரியாகப் படித்தது. அநீதியை அன்பால் எதிர்கொள்வோம் என்று சொல்லும் கவிதை அது. இதில் குற்றம் எங்கே என்று கேட்டு எஃப்ஐஆரை ரத்து செய்தது. படித்த உடனேயே குற்றம் இல்லை என்று தெரியும்போது, விசாரணை தொடக்க நிலையில் இருப்பதால் தலையிடக் கூடாது என்று எந்த முழுமையான விதியும் இல்லை என்றது. பேச்சின் விளைவை எடைபோடும்போது, எதைக் கேட்டாலும் பதறும் பலவீன மனதை அளவுகோலாக வைக்கக் கூடாது, உறுதியும் துணிவும் உள்ள மனிதரை வைத்தே பார்க்க வேண்டும் என்றும் சொன்னது.

என்னைப் பொறுத்தவரை இதுதான் சரியான கோடு. விசாரித்தால்தான் தெரியும் என்ற நிலை இருந்தால் விசாரிக்கட்டும். விசாரித்துத் தெரிந்துகொள்ள எதுவுமே இல்லாத எஃப்ஐஆருக்காக ஒரு மனிதரை வருடக்கணக்கில் ஸ்டேஷனுக்கும் கோர்ட்டுக்கும் அலையவிடுவது தவறு.

எஃப்ஐஆர் போடுவதற்கு முன்பே போலீஸ் விசாரித்திருக்க வேண்டாமா?

கைது செய்யத்தக்க குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்ஐஆர் போட்டே ஆக வேண்டும் என்பது 2013இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு வகுத்த விதி. குடும்பத் தகராறு, வணிகத் தகராறு, மருத்துவ அலட்சியம் போன்ற சிலவற்றில் மட்டும் முதற்கட்ட விசாரணைக்கு அது இடம் கொடுத்தது. நம் ஊர் ஸ்டேஷன்களில் புகாரைப் பெற்றுக்கொண்டதற்காகக் கொடுக்கும் சிஎஸ்ஆர் ரசீது எஃப்ஐஆர் அல்ல. சிஎஸ்ஆர் மட்டுமே இருக்கும்போது ரத்து செய்ய எஃப்ஐஆரே கிடையாது.

புதிய நடைமுறைச் சட்டத்தின் 173(3) பிரிவு இன்னொரு வழியைத் திறந்திருக்கிறது. மூன்று ஆண்டு முதல் ஏழு ஆண்டுக்குக் குறைவாகத் தண்டனை உள்ள குற்றங்களில், டிஎஸ்பி அனுமதியோடு 14 நாளுக்குள் முதற்கட்ட விசாரணை நடத்திவிட்டுப் பதிவு செய்யலாம். பேச்சு, எழுத்து தொடர்பான இந்த வகைப் புகார்களில் இந்த வழியையே பயன்படுத்துவது பொருத்தம் என்று மேலே சொன்ன 2025 தீர்ப்பு அறிவுறுத்தியது.

போராட்டத்தில் கலந்துகொண்டதற்கு வழக்கு. என்ன செய்யலாம்?

சட்டமே தடை போட்டிருக்கிறது என்ற காரணம் நேரடியாக உதவும் இடம் இது. அரசு ஊழியரின் உத்தரவை மீறிய குற்றம் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 188, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 223. சம்பந்தப்பட்ட அரசு ஊழியர் எழுத்துமூலம் நீதிமன்றத்தில் புகார் கொடுத்தால் மட்டுமே நீதிமன்றம் இந்தக் குற்றத்தை விசாரணைக்கு ஏற்க முடியும்.

ஆனாலும் காவல் நிலையங்கள் பல ஆண்டுகளாகத் தாங்களே எஃப்ஐஆர் போட்டு, தாங்களே குற்றப்பத்திரிகையும் தாக்கல் செய்துகொண்டிருந்தன. 2018 செப்டம்பரில், கரூர் மாவட்டம் வேலாயுதம்பாளையம் காவல் நிலைய வழக்கு ஒன்றில் மதுரைக் கிளை நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் இதை விரிவாக ஆராய்ந்து வழக்கை ரத்து செய்தார். 188க்கு போலீஸ் எஃப்ஐஆர் போட முடியாது என்று சொல்லி வழிமுறைகளும் வகுத்தார். அமைதியாகக் கூடிப் போராடுவது அடிப்படை உரிமை என்பதையும் அந்தத் தீர்ப்பு நினைவூட்டியது. அதற்குப் பின் அதைக் காட்டி ரத்தான வழக்குகள் தமிழ்நாட்டில் ஏராளம். கல்லெறிந்தது, பேருந்தை உடைத்தது போன்ற குற்றச்சாட்டுகளும் சேர்ந்திருந்தால் இந்த வாதம் மட்டும் காப்பாற்றாது.

வரதட்சணை வழக்கில் மொத்தக் குடும்பத்தையும் சேர்த்துவிட்டார்கள்.

வெளியூரில் இருக்கும் நாத்தனார், வயதான பெரியப்பா என்று எல்லாரையும் சேர்த்து, யார் எப்போது என்ன செய்தார் என்று ஒரு வரிகூட இல்லாமல் "அனைவரும் கொடுமைப்படுத்தினர்" என்று மட்டும் எழுதியிருந்தால், அந்த உறவினர்கள் மீதான வழக்கை ரத்து செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. கணவர் மீதும், குறிப்பான குற்றச்சாட்டு உள்ளவர்கள் மீதும் வழக்கு நடக்கும். பாதிக்கப்பட்ட பெண் தரப்பில் இருப்பவர்களுக்கும் இதில் ஒரு பாடம் உண்டு: தேதி, இடம், யார் என்ன சொன்னார் என்று தெளிவாக எழுதிய புகாரை எளிதில் அசைக்க முடியாது.

இரு தரப்பும் சமாதானமாகிவிட்டோம். ரத்து செய்வார்களா?

தனிப்பட்ட தகராறு என்றால் பெரும்பாலும் செய்வார்கள். சட்டப்படி சமரசம் செய்துகொள்ள முடியாத பிரிவாக இருந்தாலும் உயர் நீதிமன்றம் தன் அதிகாரத்தில் ரத்து செய்யலாம் என்று 2012இல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. அக்கம்பக்கத்துச் சண்டை, கணவன் மனைவி வழக்கு, பங்காளித் தகராறு எல்லாம் இதில் வரும். புகார்தாரரை நேரில் வரவழைத்து, மிரட்டலில்லாமல் சம்மதித்தாரா என்று நீதிமன்றம் உறுதிசெய்துகொள்ளும்.

கொலை, பாலியல் வன்கொடுமை, அரசு ஊழியர் ஊழல், பெரிய பொருளாதாரக் குற்றங்கள் போன்றவை சமூகத்துக்கே எதிரானவை. அங்கே இருவர் கைகுலுக்கிக்கொண்டால் போதாது. மாணவியிடம் தவறாக நடந்ததாக ஆசிரியர் மீது போட்ட போக்சோ வழக்கை, பெற்றோர் சமாதானமாகிவிட்டார் என்று ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தது. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கை உயிர்ப்பித்தது. குழந்தைக்கு நேர்ந்ததைப் பெரியவர்கள் பேசித் தீர்த்துக்கொள்ள முடியாது என்பதில் எனக்கு இரண்டாவது கருத்தே இல்லை.

குவாஷ் மனு போட்டுவிட்டால் கைது செய்ய மாட்டார்களா?

அப்படி எந்தப் பாதுகாப்பும் தானாக வராது. மனு நிலுவையில் இருப்பது விசாரணையையும் நிறுத்தாது, கைதையும் நிறுத்தாது. இடைக்காலத் தடை கேட்டு, நீதிமன்றம் கொடுத்தால் மட்டுமே நிற்கும். காரணம் சொல்லாமல் "கட்டாய நடவடிக்கை எதுவும் கூடாது" என்று வழக்கமாக உத்தரவு போடுவதை நீஹாரிகா தீர்ப்பு கண்டித்ததால், இடைக்காலப் பாதுகாப்பு கிடைப்பது முன்னைவிடக் கடினமாகிவிட்டது. கைது பயம் இருந்தால் முன்ஜாமீனைத் தனியாகக் கேட்க வேண்டும்.

ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் கைது தேவையில்லை என்றால், முதலில் புதிய நடைமுறைச் சட்டத்தின் 35(3) பிரிவில் நோட்டீஸ் கொடுத்து அழைக்க வேண்டும். அந்த நோட்டீஸ் வந்தால் போய் ஆஜராகுங்கள். "குவாஷ் போட்டிருக்கேன், வர மாட்டேன்" என்று உட்கார்ந்திருந்தால், ஒத்துழைக்கவில்லை என்று அதையே கைதுக்குக் காரணமாகக் காட்டுவார்கள்.

மனு நிலுவையில் இருக்கும்போதே குற்றப்பத்திரிகை தாக்கல் செய்துவிட்டார்களே?

மனு அதனால் செத்துவிடாது. குற்றப்பத்திரிகை வந்த பிறகும் உயர் நீதிமன்றம் எஃப்ஐஆர் ரத்து மனுவை விசாரிக்கலாம் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் இப்போது எஃப்ஐஆரோடு சேகரித்த வாக்குமூலங்களும் ஆவணங்களும் மேசைக்கு வந்துவிடும். குற்றப்பத்திரிகையையும் சேர்த்து ரத்து கேட்கும்படி மனுவைத் திருத்திவிடுவது நல்லது.

நான் புகார்தாரர். எனக்குத் தெரியாமலே ரத்து செய்துவிட முடியுமா?

நீங்களும் மனுவில் எதிர்மனுதாரராகச் சேர்க்கப்படுவீர்கள், நோட்டீஸ் வரும். அதை அலட்சியம் செய்யாதீர்கள். அரசு வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார் என்று இருந்துவிடாமல், உங்கள் ஆவணங்களோடு ஒரு வக்கீலை நிறுத்துங்கள். ரத்து செய்த உத்தரவு தவறு என்றால் உச்ச நீதிமன்றம் போகலாம். சிறார் ஆபாசப் படங்களைச் செல்போனில் வைத்திருந்தவர் மீதான வழக்கைச் சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜனவரியில் ரத்து செய்தது. குழந்தைகள் உரிமை அமைப்புகள் விடாமல் மேல்முறையீடு செய்ததால்தான் அதே ஆண்டு செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது.

மனு தள்ளுபடி ஆகிவிட்டால்?

முன்பே சொல்லியிருக்கக்கூடிய காரணங்களை வைத்துக்கொண்டு இரண்டாவது குவாஷ் மனு போட முடியாது. சூழ்நிலை மாறியிருக்க வேண்டும். அதனால் முதல் மனுவிலேயே எல்லாக் காரணங்களையும் வைத்துவிடுங்கள்.

நீதிபதி தள்ளுபடி செய்யும் மனநிலையில் இருக்கிறார் என்று தெரிந்தால், மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, "புலனாய்வைக் குறிப்பிட்ட வாரங்களுக்குள் முடிக்க உத்தரவிடுங்கள்" என்று கேட்பது நம் நீதிமன்றங்களில் வழக்கம். அது பல நேரம் கிடைக்கும். பிறகு உங்கள் ஆவணங்களை எழுத்துமூலம் புலனாய்வு அதிகாரியிடம் கொடுத்து ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். ஆதாரம் இல்லை என்று காவல்துறையே வழக்கை முடித்து அறிக்கை தாக்கல் செய்வதும் உண்டு. குற்றப்பத்திரிகை வந்தால் டிஸ்சார்ஜ் மனு இருக்கிறது. "புகார் பொய்" என்ற உங்கள் ஆதாரத்தை முழுதாக எடுத்துவைக்கும் இடம் விசாரணை நீதிமன்றம்தான்.